பதவி உயர்வு வழக்குகளும் அரசு எடுக்கத் தவறிய கணக்கும்

அரசுப் பணியில் பதவி உயர்வுக்கான இட ஒதுக்கீடு பற்றிய வழக்குகள் 60 ஆண்டுகளுக்கும் மேலாக நடந்துவருகின்றன. உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வுகள் இதற்காகப் பலமுறை கூடியிருக்கின்றன. நாடாளுமன்றம் 77, 81, 82, 85 என நான்கு முறை அரசமைப்புச் சட்டத்தைத் திருத்தியிருக்கிறது. இவ்வளவுக்குப் பிறகும், இன்று உதவிப் பொறியாளராக இருக்கும் ஒருவரால் தன் பணிமூப்புப் பட்டியல் ஐந்தாண்டுகள் கழித்தும் செல்லுமா என்று உறுதியாகச் சொல்ல முடியாது. தகுதிக்கும் சமூக நீதிக்கும் இடையிலான மோதலாகவே பொதுமேடைகளில் இது பேசப்படுகிறது. தீர்ப்புகளை வரிசையாக வைத்துப் படித்தால் தெரிவது வேறு. 2006-க்குப் பிறகு அரசுகள் தோற்ற முக்கியமான வழக்குகள் பெரும்பாலானவற்றில் இட ஒதுக்கீடு கொள்கையளவில் தோற்கவில்லை. எந்தப் பதவியில் எத்தனை பட்டியல் சாதியினர், எத்தனை பழங்குடியினர் இருக்கிறார்கள் என்ற கணக்கைக் காட்ட முடியாமல் அரசு தோற்றது. கணக்கு எடுக்காதது அரசின் குற்றம், தண்டனை ஊழியருக்கு. இந்தத் தலைகீழ் நிலையைச் சட்டமே தாங்கிப் பிடித்திருக்கிறது என்பதும், கணக்கெடுப்பை அரசின் விருப்பத்துக்கு விடாமல் கட்டாயமாக்கினாலன்றி இந்த வழக்குகள் ஓயாது என்பதும்தான் இக்கட்டுரையின் வாதம்.

இந்த வழக்கு வரலாற்றின் தொடக்கம் சென்னையில் இருக்கிறது. தேர்வு அடிப்படையில் நிரப்பப்படும் உயர்பதவிகளிலும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் இடம் ஒதுக்க வேண்டும் என்று 1959-இல் ரயில்வே வாரியம் சுற்றறிக்கை அனுப்பியது. தெற்கு ரயில்வே ஊழியர் ரங்காச்சாரி அதை எதிர்த்துச் சென்னை உயர் நீதிமன்றத்தில் வென்றார். ரயில்வே மேல்முறையீடு செய்தது. 1961 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 3-2 என்ற கணக்கில் ரயில்வேயின் பக்கம் நின்றது. நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பில் இன்றும் கவனிக்கத்தக்க ஒரு கருத்து இருக்கிறது. பிரதிநிதித்துவம் போதவில்லை என்பதை எண்ணிக்கையால் மட்டும் அளக்க வேண்டியதில்லை, பதவியின் தரத்தாலும் அளக்கலாம் என்றார் அவர். கடைநிலைப் படியில் போதிய பேர் இருந்தால் மட்டும் போதாது, மேல்படிகளிலும் அவர்கள் இருக்க வேண்டும் என்பது அதன் பொருள். எழுத்தர்களையும் இயக்குநர்களையும் ஒரே கூட்டுத்தொகையில் சேர்த்து 'இத்தனை சதவீதம் இருக்கிறார்கள்' என்று சொல்வது உண்மையை மறைத்துவிடும் என்பதை அந்தத் தீர்ப்பிலிருந்தே நாம் பெறலாம். இந்தக் கருத்து முழு வடிவில் திரும்பி வர இன்னும் 60 ஆண்டுகள் ஆயின.

1992 நவம்பர் 16 அன்று வந்த மண்டல் தீர்ப்பு ரங்காச்சாரி தீர்ப்பைக் கவிழ்த்தது. ஒதுக்கீட்டுக்கு இடம் தரும் அரசமைப்புச் சட்டத்தின் 16(4) பிரிவு பணியில் சேரும் கட்டத்துக்கு மட்டுமே பொருந்தும், பதவி உயர்வுக்குப் பொருந்தாது என்றும், நடைமுறையில் உள்ள ஒதுக்கீடு ஐந்தாண்டுகள் தொடரலாம் என்றும் ஒன்பது நீதிபதிகள் அமர்வு சொன்னது. அந்த ஐந்தாண்டு முடிவதற்குள், 1995-இல், 77-வது திருத்தத்தின் வழியாக 16(4ஏ) பிரிவு வந்தது; பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மட்டும் பதவி உயர்விலும் ஒதுக்கலாம் என்றது. அதே ஆண்டில் வீர்பால் சிங் சௌகான் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னொரு சிக்கலைக் கையில் எடுத்தது. ஒரே பதவியில் பிந்திச் சேர்ந்த பட்டியல் சாதி ஊழியர் ஒதுக்கீட்டால் முந்தி உயர்வு பெறுகிறார். அவருக்கு முன்னால் சேர்ந்த பொதுப்பிரிவு ஊழியர் சில ஆண்டுகள் கழித்து அதே உயர்பதவிக்கு வருகிறார். அங்கே யார் மூத்தவர்? பின்னால் வந்தவர் தன் பழைய மூப்பை மீட்டுக்கொள்வார் என்றது நீதிமன்றம். ஊழியர் சங்கங்கள் 'கேட்ச்-அப்' விதி என்று சொல்வது இதைத்தான். இதனால் முதல் உயர்வு ஒதுக்கீட்டில் கிடைத்தாலும் அடுத்த உயர்வுக்கான வரிசையில் பட்டியல் சாதி ஊழியர் மறுபடி பின்னுக்குப் போனார். 2001-இல் 85-வது திருத்தம் இதை மாற்றி, உயர்வோடு பணிமூப்பும் சேர்ந்தே வரும் என்று 1995 ஜூன் 17 முதல் செல்லும்படி அறிவித்தது. இடையில் 2000-இல் 81-வது திருத்தம் நிரம்பாத ஒதுக்கீட்டு இடங்களை அடுத்த ஆண்டுக்குக் கொண்டுபோகவும், 82-வது திருத்தம் தகுதி மதிப்பெண்ணைத் தளர்த்தவும் வழிசெய்தன.

இந்தத் திருத்தங்களை எதிர்த்த நாகராஜ் வழக்கில், 2006 அக்டோபர் 19 அன்று, ஐந்து நீதிபதிகள் அமர்வு திருத்தங்களை ஏற்றது. கூடவே மூன்று நிபந்தனைகளையும் வைத்தது. பின்தங்கிய நிலை, பிரதிநிதித்துவப் போதாமை ஆகிய இரண்டையும் அளவிடத்தக்க தரவுகளோடு அரசு காட்ட வேண்டும். நிர்வாகத் திறன் கெடாது என்பதையும் கருத வேண்டும். வழக்கின் போக்கு அன்றோடு மாறியது. 2010-இல் ராஜஸ்தான் தோற்றது, தரவு இல்லை. 2012 ஏப்ரலில் உத்தரப் பிரதேச மின்கழக வழக்கில் அந்த மாநிலச் சட்டத்தின் பதவி உயர்வுப் பிரிவு விழுந்தது, அங்கும் தரவு இல்லை. அந்தத் தீர்ப்பைச் சரிசெய்ய வந்த 117-வது திருத்த மசோதா 2012 டிசம்பரில் மாநிலங்களவையில் நிறைவேறியது. மக்களவையில் நிறைவேறாமல் காலாவதியானது. 2015 ஆகஸ்டில் பன்னீர்செல்வம் வழக்கில் தமிழ்நாடு தோற்றது. நெடுஞ்சாலைத் துறையில் உதவிக் கோட்டப் பொறியாளர்களின் மூப்பைத் தீர்மானிக்கும் வழக்கு அது. உயர்வோடு மூப்பும் வரும் என்று மாநில விதிகளில் எழுதப்படவில்லை, அதற்கான தரவும் திரட்டப்படவில்லை, ஆகவே 'கேட்ச்-அப்' விதிதான் பொருந்தும் என்றது தீர்ப்பு. 2017 பிப்ரவரியில் பவித்ரா வழக்கில் கர்நாடகச் சட்டமும் இதே காரணத்தால் வீழ்ந்தது. இட ஒதுக்கீட்டுக்காக வாதாடுவதில் தங்களை முன்னணியில் வைத்துக்கொள்ளும் மாநிலங்களும் இந்தப் பட்டியலில் இருப்பது வேதனை தருகிறது. உத்தரப் பிரதேசத்தில் 2015-இல் அதிகாரிகள் பதவியிறக்கம் செய்யப்பட்டார்கள். பல ஆண்டுகள் உயர்பதவியில் வேலை பார்த்தவர் கீழ்ப்பதவிக்குத் திரும்பி, நேற்றுவரை தனக்குக் கீழே இருந்தவரிடம் கோப்பை நீட்ட வேண்டிய நிலை. கணக்கைத் திரட்டும் அதிகாரமோ பொறுப்போ அவர்களுக்கு என்றைக்கும் இருந்ததில்லை.

2020 பிப்ரவரி 7 அன்று வந்த முகேஷ் குமார் தீர்ப்பை இந்த வரிசையில் மிக முக்கியமானதாகக் கருதுகிறேன். அதைப் பற்றிப் போதிய விவாதம் நடக்கவில்லை. பதவி உயர்வில் ஒதுக்கீடு இல்லாமலே எல்லா இடங்களையும் நிரப்புவது என்று 2012 செப்டம்பரில் உத்தராகண்ட் அரசு முடிவெடுத்தது. தரவு திரட்டிவிட்டு முடிவெடுங்கள் என்றது உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. 16(4), 16(4ஏ) பிரிவுகள் அரசுக்கு அதிகாரம் தருகின்றன, கடமை சுமத்தவில்லை. ஒதுக்கீடு கொடுப்பதற்குத்தான் தரவு வேண்டும், கொடுக்காமல் இருப்பதற்குத் தரவு வேண்டியதில்லை. தரவு திரட்டுங்கள் என்று நீதிமன்றம் கட்டளையிடவும் முடியாது என்றது. இந்தத் தீர்ப்பை நாகராஜ் தீர்ப்போடு சேர்த்துப் படித்தால் விளைவு தெளிவாகும். அரசு கணக்கெடுத்தால், ஒதுக்கீடு நிலைக்கலாம். அரசு கணக்கெடுக்காமல் ஒதுக்கினால், ஒதுக்கீடு விழும். அரசு கணக்கெடுக்கவும் இல்லை, ஒதுக்கவும் இல்லை என்றால், யாரும் கேள்வி கேட்க முடியாது. கணக்கின்மையால் வரும் இழப்பு எப்போதும் ஒரே தரப்பின்மீது விழுகிறது. அதிகாரம் என்பது விருப்புரிமை என்ற சட்ட விளக்கத்தை ஏற்றுக்கொண்டாலும், அந்த விருப்புரிமையைச் சரியாகப் பயன்படுத்தினார்களா என்று பார்ப்பதற்கே கணக்கு தேவை. 'போதிய பிரதிநிதித்துவம் இருக்கிறது, ஆகவே ஒதுக்கவில்லை' என்று சொல்லும் அரசும் ஓர் உண்மையைப் பற்றிப் பேசுகிறது. அந்த உண்மைக்கும் ஆதாரம் கேட்பதுதான் சமம். ஒதுக்குவதா வேண்டாமா என்பதை அரசிடம் விட்டுவிட்டு, எண்ணுவதை மட்டும் கடமையாக்க உச்ச நீதிமன்றத்துக்கு அன்று வாய்ப்பு இருந்தது. அது தவறவிடப்பட்டது.

தரவு என்ற சொல்லைக் கேட்டதும் புதிதாக ஆணையம் அமைத்து, ஊர் ஊராக ஆய்வு நடத்தி, பெரிய அறிக்கை எழுத வேண்டும் என்ற எண்ணம் அரசுகளுக்கு வந்துவிடுகிறது. கர்நாடகம் அப்படித்தான் ரத்னபிரபா குழுவை அமைத்து, 2018-இல் புதுச் சட்டம் கொண்டுவந்து, 2019 மே மாதம் இரண்டாவது பவித்ரா தீர்ப்பில் வென்றது. அந்த வெற்றிக்கும் ஆயுள் நீளவில்லை. 2022 ஜனவரி 28 அன்று ஜர்னைல் சிங் வழக்கின் இரண்டாம் தீர்ப்பு, கணக்கு ஒவ்வொரு பதவித் தொகுதிக்கும் தனித்தனியாக எடுக்கப்பட வேண்டும், 'ஏ', 'பி', 'சி', 'டி' என்று பெரும்பிரிவுகளாகக் கூட்டிச் சொல்வது செல்லாது என்றது. அப்படிக் கூட்டிய கர்நாடகத் தரவை ஏற்றது தவறு என்றும் சொன்னது. கர்நாடகத்துக்கு இது அடியாக இருக்கலாம். ஆனாலும் கொள்கையளவில் இது 1961-இல் கஜேந்திரகட்கர் சொன்ன இடத்துக்குத் திரும்புவதுதான். இதைவிட முக்கியம், இந்தத் தொகுதிவாரிக் கணக்குக்கு வேண்டிய ஏடு அலுவலகங்களில் ஏற்கெனவே இருக்க வேண்டும் என்பது. 1995-இல் சபர்வால் வழக்கில், சுழற்சி முறையைக் காலியிடத்தின்படி ஓட்டாமல் பதவியின்படி ஓட்ட வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. அதையொட்டி 1997 ஜூலை 2 அன்று மத்திய அரசு பதவிவாரி ரோஸ்டர் முறையைக் கொண்டுவந்தது. ஒரு பதவித் தொகுதியில் எந்தப் புள்ளியில் யார் அமர்ந்திருக்கிறார், அந்தப் புள்ளி யாருக்குரியது என்பது ரோஸ்டர் பதிவேட்டில் வரிவரியாக எழுதப்பட வேண்டும். 2022 ஏப்ரல் 12 அன்று மத்தியப் பணியாளர் துறை வெளியிட்ட குறிப்பாணையும், ரோஸ்டர் எந்த அலகில் ஓடுகிறதோ அந்த அலகில்தான் தரவு திரட்ட வேண்டும் என்கிறது. பதிவேட்டை ஒழுங்காக வைத்திருக்கும் அலுவலகம் நீதிமன்றத்தில் 'தரவு இல்லை' என்று நிற்க வேண்டிய அவசியமே இல்லை.

தரவு கேட்பதே தவறு என்ற வாதம் ஒன்று உண்டு. பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர் அமைப்புகள் அதை வலுவாகவே வைக்கின்றன. 16(4ஏ) பிரிவு 'அரசின் கருத்தில்' போதிய பிரதிநிதித்துவம் இல்லாதபோது ஒதுக்கலாம் என்கிறது. அரசின் கருத்தே போதுமானது, நீதிமன்றம் அதை உரசிப் பார்க்க வேண்டியதில்லை என்பது அவர்கள் நிலை. இதில் ஒரு பாதி நியாயம். தீண்டாமைக்கு உள்ளான சாதிகளும் பழங்குடிகளும் பின்தங்கியவர்கள் என்று குடியரசுத் தலைவரின் பட்டியலே சொல்லும்போது, அதை மறுபடி தரவோடு காட்டச் சொன்னது நாகராஜ் தீர்ப்பின் பெரும் பிழை. 2018 செப்டம்பரில் ஜர்னைல் சிங் வழக்கின் முதல் தீர்ப்பு அந்த நிபந்தனையை நீக்கியது சரி. மறுபாதியை ஏற்க முடியவில்லை. போதாமை என்பது எண்ணிப் பார்த்தால் தெரியும் விஷயம்; எண்ணாமல் உருவாகும் கருத்து, அரசு மாறும்போது மாறும். இன்று ஒதுக்கலாம் என்று கருதும் அரசின் கருத்துக்கு நீதிமன்றம் தலைவணங்க வேண்டும் என்றால், நாளை வேண்டாம் என்று கருதும் அரசுக்கும் அப்படித்தான் வணங்கும். உத்தராகண்டில் நடந்தது அதுவே. கணக்கு பட்டியல் சாதி ஊழியரைக் காக்கும் ஆவணம். 2011-இல் மத்திய அரசின் செயலர் நிலையில் இருந்த 149 பேரில் பட்டியல் சாதியினர் ஒருவரும் இல்லை, பழங்குடியினர் நால்வர் என்று நாடாளுமன்றத்தில் சொல்லப்பட்ட தகவல் அந்த நாள்களில் எத்தனையோ உரைகளைவிடவும் வலுவாகப் பேசியது. செயலர் பதவிக்கு இந்த ஒதுக்கீடு நேரடியாகப் பொருந்தாது என்பது உண்மை. அந்த உயரத்துக்கு வழிவிடும் படிகளில் என்ன நடக்கிறது என்ற கேள்வியை எழுப்ப அந்த ஓர் எண் போதுமானதாக இருந்தது.

நிர்வாகத் திறன் கெடும் என்ற ஆட்சேபத்துக்கு 335-வது பிரிவு ஆதாரமாகக் காட்டப்படுகிறது. பதவி உயர்வில் இந்த அச்சத்துக்கு அடிப்படை மிகக் குறைவு. உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுபவர் ஏற்கெனவே பணியில் இருப்பவர். துறைத் தேர்வுகளை முடித்தவர். அவருடைய வேலையை மேலதிகாரிகள் ஆண்டுதோறும் மதிப்பிட்டிருக்கிறார்கள். பொதுப்பிரிவில்கூடப் பெரும்பாலான உயர்வுகள் பணிமூப்பைப் பார்த்தே தரப்படுகின்றன. இரண்டாண்டு முன்னால் சேர்ந்தவர் இரண்டாண்டு கூடுதல் திறமைசாலி என்று யாரும் நிறுவியதில்லை. ஆதாரம் கேட்டால், ஆதாரமும் இருக்கிறது. பொருளியலாளர்கள் அஸ்வினி தேஷ்பாண்டேயும் தாமஸ் வைஸ்காஃபும் இந்திய ரயில்வே மண்டலங்களின் 1980 முதல் 2002 வரையிலான தரவுகளை ஆராய்ந்து 2014-இல் வெளியிட்டார்கள். பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர் விகிதம் கூடியதால் உற்பத்தித்திறன் குறைந்தது என்பதற்கு எந்தச் சான்றும் கிடைக்கவில்லை. 'ஏ', 'பி' பிரிவு உயர்பதவிகளில் அவர்கள் விகிதம் கூடியது நன்மை செய்திருப்பதற்கான அறிகுறிகளே தெரிந்தன. ரங்காச்சாரி வழக்கும் ரயில்வேயிலிருந்து வந்தது என்பதால் இந்த முடிவுக்குக் கூடுதல் பொருத்தம் உண்டு. மாற்றுத்திறனாளிகளின் நிலையையும் இங்கே பார்க்க வேண்டும். 2016-இல் ராஜீவ் குமார் குப்தா வழக்கிலும், 2020-இல் சித்தராஜு வழக்கிலும், 2021-இல் லீசம்மா ஜோசப் வழக்கிலும் அவர்களுக்குப் பதவி உயர்வில் இட ஒதுக்கீட்டை உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. மண்டல் தீர்ப்பின் தடை அவர்களுக்குப் பொருந்தாது என்றது. நல்ல முடிவு அது. அவர்கள் விஷயத்தில் நாகராஜ் வைத்ததுபோன்ற திறன் நிபந்தனை எழவில்லை. சாதியின் பேரில் வரும்போது மட்டும் திறன் பற்றிய கவலை எழுவது ஏன் என்று நீதித்துறை தன்னைத்தானே கேட்டுக்கொள்ள வேண்டும்.

மூத்தவரை இளையவர் தாண்டிப் போவது பற்றிய குறையை அப்படி ஒதுக்கிவிட முடியாது. ஒரே நாளில் பணியில் சேர்ந்து, ஒரே அறையில் 15 ஆண்டுகள் வேலை செய்த இருவரில் ஒருவர் அதிகாரியாகவும் மற்றவர் அவருக்குக் கீழும் ஆவதில் உண்மையான இழப்பு இருக்கிறது. அதை உணர்பவர்கள் எல்லாரையும் சாதி வெறியர்கள் என்று தள்ளுவது நியாயமல்ல. நுழைவில் ஒரு முறை, உயர்வில் மறு முறை என இரட்டைச் சலுகை ஏன் என்று அவர்கள் கேட்கிறார்கள். நுழைவில் கிடைக்கும் இடம் பணியில் சேரும் வாய்ப்பை மட்டும் தருகிறது. வயது வரம்புத் தளர்வால் பிந்திப் பணியில் சேர்பவருக்கு மூப்பு மட்டுமே அளவுகோல் என்றால், மேல்படிகளுக்கு வரும் முன்பே ஓய்வு வயது வந்துவிடும். இருந்தாலும் அளவு மீறிய ஒதுக்கீட்டுக்கு எதிரான காப்பும் பொதுப்பிரிவு ஊழியருக்கு வேண்டும். அந்தக் காப்பு சபர்வால் தீர்ப்பிலேயே இருக்கிறது. ஒரு பதவித் தொகுதியில் பட்டியல் சாதியினருக்குரிய இடங்கள் நிரம்பிவிட்டால் சுழற்சி அத்துடன் நின்றுவிடும்; பின்னர் அந்த இடங்களில் ஒருவர் விலகும்போது மட்டுமே அதே பிரிவிலிருந்து இன்னொருவர் வருவார். இடங்கள் நிரம்பிவிட்டனவா என்று தெரிய வேண்டுமானால் பதிவேடு சரியாக இருக்க வேண்டும், எவரும் பார்க்கும்படி இருக்க வேண்டும். பதிவேட்டை மூடி வைத்திருக்கும் அலுவலகத்தில்தான் இரு தரப்பும் ஒருவரையொருவர் சந்தேகிக்கிறார்கள், இரு தரப்பும் நீதிமன்றம் போகிறார்கள்.

வசதி பெற்றவர்களை ஒதுக்கீட்டிலிருந்து விலக்க வேண்டும் என்ற கிரீமிலேயர் வாதம் அண்மையில் வலுப்பெற்றிருக்கிறது. ஜர்னைல் சிங் முதல் தீர்ப்பு அந்தத் தத்துவம் பட்டியல் சாதிக்கும் பொருந்தலாம் என்றது. 2024 ஆகஸ்ட் 1 அன்று உள் ஒதுக்கீட்டை ஏற்ற தவிந்தர் சிங் வழக்கில் நான்கு நீதிபதிகள் அதை வலியுறுத்தினார்கள். மத்திய அமைச்சரவை அதே மாதம் அதை மறுத்தது. நுழைவுக் கட்டத்தில் இந்த விவாதத்துக்கு ஏதேனும் இடம் இருக்கலாம். உள் ஒதுக்கீடு அதைவிடச் சரியான பதில் என்பது என் கருத்து. பதவி உயர்வில் இந்த வடிகட்டி பொருந்தவே பொருந்தாது. 'பி' பிரிவு அதிகாரி 'ஏ' பிரிவுக்கு உயர்வு கேட்கும்போது அவர் வசதி பெற்றுவிட்டார் என்று விலக்கினால், அந்த உயர்வுக்கு உரியவர் யார்? வசதி பெறாதவர் எவரும் அந்தப் படியில் இருக்க மாட்டார். 16(4ஏ) பிரிவு வெறும் எழுத்தாக நிற்கும்.

தமிழ்நாட்டுக்கு இதில் தனிப் பொறுப்பு இருக்கிறது. 69 சதவீத ஒதுக்கீட்டை 1994-இல் 76-வது திருத்தத்தின் வழியாக ஒன்பதாவது அட்டவணையில் சேர்த்துக் காத்த மாநிலம் இது. 200 புள்ளி இனச்சுழற்சி இங்கே அரசு ஊழியர் எல்லாருக்கும் தெரிந்த சொல். நியமனத்தில் காட்டிய அக்கறை பதவி உயர்வுக்கான சட்ட அடித்தளத்தில் இல்லை. சுழற்சியின்படியே பணிமூப்பைத் தீர்மானிக்க 2016-ஆம் ஆண்டு அரசு ஊழியர் பணி நிபந்தனைச் சட்டத்தில் 40-வது பிரிவு சேர்க்கப்பட்டது. 2019 நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது, 2021 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் தலையிட மறுத்தது. பன்னீர்செல்வம் தீர்ப்பு வந்த பிறகு தொகுதிவாரிக் கணக்கெடுத்து அதன்மேல் ஒரு சட்டத்தைக் கட்டியிருந்தால் நிலைமை வேறாக இருந்திருக்கும். அதை இப்போதும் செய்யலாம். ஒவ்வொரு துறையும் ஒவ்வொரு பதவித் தொகுதிக்குமான இனச்சுழற்சிப் பதிவேட்டை ஆண்டுதோறும் ஜனவரி முதல் நாள் நிலவரப்படி, ஊழியர்களின் பெயரை நீக்கி, எண்களை மட்டும் இணையத்தில் வெளியிட வேண்டும் என்று ஓர் அரசாணை போதும். அதற்கு அரசமைப்புத் திருத்தம் வேண்டாம், நாடாளுமன்ற ஒப்புதல் வேண்டாம், எந்த நீதிமன்றமும் தடுக்காது. தவறும் துறைத் தலைவரைப் பொறுப்பாக்கும் பிரிவும் அந்த ஆணையில் இருக்க வேண்டும். தொகுதிவாரிக் கணக்கு இல்லாத குறைக்காக, ஏற்கெனவே உயர்வு பெற்ற எந்த ஊழியரையும் கீழிறக்கக் கூடாது என்ற பாதுகாப்பைச் சட்டமாகவே இயற்ற வேண்டும். பணியாளர் நிர்வாகத் துறையிடம் இதைக் கேட்க வேண்டியவர்கள் ஊழியர் சங்கங்கள். பட்டியல் சாதி ஊழியர் சங்கங்களும் பொதுப்பிரிவு ஊழியர் சங்கங்களும் சேர்ந்தே கேட்க முடிகிற கோரிக்கை இது. அடுத்த வழக்கு வரும் வரை காத்திருக்காமல் இந்த ஆண்டே கேளுங்கள்.